யூரிட்டர் கல்லுக்கு ஸ்கோப்: முதுகில ஊசியா, முழு மயக்கமா? பழகிறவர் எங்க தொடங்கிறது?

முறிகண்டிச்சந்தி

வன்னியில ஒரு அரச ஆஸ்பத்திரியின்ர சத்திரசிகிச்சைப் பிரிவு. யூரிட்டருக்குள்ள (சிறுநீரகத்தில இருந்து சலப்பைக்கு வாற குழாய்) விட்டுப் பாக்கிற 6/7.5 பிரெஞ்ச் (குழாய்த் தடிப்பின்ர அளவு) செமி ரிஜிட் யூரிட்டரோஸ்கோப் ஒண்டு, கல்லு உடைக்கிற நியூமற்றிக் லித்தோகிளாஸ்ட், உடனுக்குடன எக்ஸ்ரே காட்டிற சி-ஆர்ம் இருக்கு. லேசரும் இல்லை, வளையக்கூடிய பிளெக்சிபிள் ஸ்கோப்பும் இல்லை. யூரோலஜி கன்சல்டன்ட் குறிச்ச நாளில வந்து செய்வார், நாங்கள் கூட நிண்டு பழகிறம். சிறுபோக வெயில் தொடங்கினாக் கல்லுக்காரர் கூடுவினம், அதுக்கு முதல் ஒரு ஒழுங்கு வேணும்.

கேட்க வேண்டியது மூண்டு.

மயக்க மருந்து: ஸ்பைனல் (முதுகு ஊசி) எல்லாருக்கும் போதுமா, ஜெனரல் (முழு மயக்கம்) ஆருக்குக் கட்டாயம்? இருக்கிற ஒரு மயக்க டொக்டர்தான் சிசேரியனையும் பாக்கோணும்.

பழகிற ஒழுங்கு: எந்த நோயாளியில தொடங்கி எதுக்குப் போறது?

உதாரணத்துக்கு ஒருத்தர்: 42 வயசு, வயல் வேலை, இடப்பக்கம் 9 மி.மீ. கல்லு, எல்3 முள்ளெலும்பு மட்டத்தில, அதாவது மேல் யூரிட்டரில. காய்ச்சல் இல்லை, கிரியற்றினின் (சிறுநீரக வேலையைக் காட்டிற இரத்தச் சோதனை) சரி, சிறுநீரகம் நடுத்தரமா வீங்கியிருக்கு. இவரை இங்க செய்யலாமா, யாழ்ப்பாணம் அனுப்பிறதா?

---

மருதநிழல் (மயக்க மருந்துப் பக்கம்)

கல் எந்த மட்டத்தில், எந்த ஸ்கோப், எத்தனை நிமிடம் என்று தெரியாமல் மயக்கம் தீர்மானிக்க முடியாது. ஒப்பரேஷன் லிஸ்ரில் 'யூஆர்எஸ்' (யூரிட்டரோஸ்கோப்பி) என்று மட்டும் எழுதி அனுப்பாதீர்கள். பக்கம், மட்டம், அளவு, ஏற்கெனவே ஸ்டென்ட் (யூரிட்டருக்குள் வைத்துவிடும் வடிகுழாய்) உண்டா, கடைசி யூரின் கல்ச்சர் என்ன என்பதெல்லாம் அந்த வரியிலேயே இருக்க வேண்டும்.

யூரிட்டரின் நோவு நரம்புகள் முதுகுத்தண்டில் ஏறத்தாழ டி10 முதல் எல்2 மட்டம் வரை. ஆகவே கீழ் யூரிட்டர் கல்லுக்குத் தொப்புள் மட்டம் வரை மரத்தால் வேலை நடக்கும். மேல் யூரிட்டரில் கதை வேறு. விடும் சேலைன் மேலேறிச் சிறுநீரகத்தின் உட்பை விரியும்போது விலாவில் நோகும், நோயாளி அசைவார். அதற்குத் தொப்புளுக்கும் நெஞ்செலும்பு நுனிக்கும் நடுப்பகுதியான டி8 ஆவது வேண்டும், டி6 என்றால் நிம்மதி. 0.5% ஹெவி பியூபிவக்கெய்ன் 2.5 முதல் 3 மி.லீ., கூடவே பென்டனில் 15 முதல் 25 மைக்ரோகிராம், 25 கேஜ் பென்சில் முனை ஊசி. சாதாரண உயரமுள்ள ஆளுக்கு இது இரண்டு மணித்தியாலம் வரை தாங்கும். குளிர் வைத்து மட்டத்தைப் பார்த்த பிறகுதான் காலைத் தூக்க வேண்டும், தூக்கிவிட்டுப் பார்ப்பதல்ல.

ஸ்பைனலில் பலர் கவனிக்காதது முடிவில் வரும் பிரஷர் வீழ்ச்சி. லித்தோட்டமியில் (காலைத் தூக்கி விரித்து வைக்கும் கிடை) கால் மேலே இருக்கும் வரை இரத்தம் உடம்புப் பக்கம் நிற்கும், பிரஷர் நன்றாகத் தெரியும். வேலை முடிந்து இரண்டு காலையும் ஒன்றாக இறக்கினால் அது விழும், அந்த நேரம் எல்லோர் கண்ணும் பேப்பரில் இருக்கும். ஒரு கால், இடைவெளி, பிரஷர், மற்றக் கால். எபெட்ரின் கையில் தயாராக இருக்கட்டும், 6 மி.கி. ஆகக் கொடுக்கலாம்.

ஜெனரல் யாருக்கு என்றால், பிளெக்சிபிள் ஸ்கோப் சிறுநீரகத்துக்குள் போகும் வேலைக்கு, ஒரு மணித்தியாலத்தைத் தாண்டும் என்று தெரிந்த கல்லுக்கு, இருமல் நிற்காதவருக்கு, அசையாமல் கிடக்க முடியாதவருக்கு. ஸ்பைனல் வயிற்றையும் காலையும் மரக்கச் செய்யும், ஆனால் உதரவிதானம் தன் வேலையைச் செய்துகொண்டே இருக்கும், அதோடு சிறுநீரகமும் மேலும் கீழும் போகும். டியூப் போட்டு மூச்சை நாங்கள் எடுத்துக்கொண்டால், ஒரு மூச்சுக்குக் கிலோவுக்கு 5 முதல் 6 மி.லீ. ஆகக் குறைத்து, எண்ணிக்கையைக் கூட்டி அந்த ஆட்டத்தை அடக்கலாம். எல்எம்ஏ (தொண்டைக்குள் மட்டும் வைக்கும் மூச்சுக்குழாய்) குறுகிய வேலைக்கு நல்லதுதான். ஆனால் மயக்கம் இலேசாகி ஒரு இருமல் வந்தால், யூரிட்டருக்குள் இருக்கும் இரும்புக் குழாய் அசையாது, யூரிட்டர்தான் அசையும். கிழிசல் அப்படி வருவதுண்டு.

கல் முழுதாகப் போகும் வீதத்தில் ஸ்பைனலுக்கும் ஜெனரலுக்கும் ஒப்பீட்டு ஆய்வுகள் பெரிய வித்தியாசம் காட்டவில்லை. ஆகவே ஸ்பைனலை 'வசதி இல்லாத இடத்து வைத்தியம்' என்று நினைக்க வேண்டாம். அதேநேரம், ஸ்பைனல் போட்டுவிட்டால் மயக்க டொக்டர் அடுத்த தியேட்டருக்குப் போகலாம் என்ற நினைப்பும் வேண்டாம். ஸ்பைனல் ஆள் மிச்சம் பிடிக்கும் வழி அல்ல. அவசர சிசேரியன் வரக்கூடிய நேரத்தில் கல் லிஸ்ரைத் தொடங்காமல் இருப்பது நிர்வாகம் தீர்க்க வேண்டிய விஷயம்.

உங்கள் 42 வயதுக்காரர்: கை பழகியவர் செய்வதென்றால் டி6 வரை ஏறிய ஸ்பைனல் போதும். பழகுபவர் ஸ்கோப்பைப் பிடிக்கப் போகிறார் என்றால் நான் டியூப்தான் போடுவேன். நேரம் நீளும், நடுவில் 'நோகுதா?' என்று கேட்டுக்கொண்டு ஒருவரும் ஒழுங்காகப் படிக்க முடியாது.

பெண்களில் கீழ் யூரிட்டர்ச் சின்னக் கல்லை லிக்னொகெய்ன் ஜெல்லும் இலேசான செடேஷனும் கொடுத்து எடுப்பதுண்டு. அது தேர்ந்த கைக்கு மட்டும்.

---

பாலைமரம் (யூரோலஜி)

மருதநிழல் சொன்னதோட பெரும்பாலும் ஒத்துப்போறன். ஒண்டு மட்டும்: எல்3 மட்டத்துக் கல்லுக்கு உங்களிட்டை இருக்கிற சாமான் சரியில்லை. மயக்கத்தை விட அதுதான் இங்க பெரிய விஷயம். நியூமற்றிக் லித்தோகிளாஸ்ட் கல்லை அடிச்சு உடைக்கிறது. மேல் யூரிட்டர் வீங்கியிருந்தா ஒவ்வொரு அடிக்கும் கல்லு மேல ஓடும், கடைசியில சிறுநீரகத்துக்குள்ள போய் விழும். அங்க அதைத் துரத்த பிளெக்சிபிள் ஸ்கோப்பும் லேசரும் வேணும், ரெண்டும் உங்களிட்டை இல்லை. தலைப்பக்கத்தைக் கொஞ்சம் உயர்த்தலாம், கல்லுக்கு மேல பாஸ்கெட்டை (கல்லுப் பிடிக்கிற கம்பிக்கூடை) விரிச்சு மறிக்கலாம், சேலைனைக் குறைக்கலாம். அப்பிடிச் செய்தும் ஓடுற கல்லு ஓடும். 9 மி.மீ. மேல் யூரிட்டர்க் கல்லை லேசர் உள்ள இடத்துக்கு அனுப்புங்கோ, இல்லாட்டி வெளியால அடிக்கிற அதிர்வலைச் சிகிச்சைக்கு. நோவு அடங்கேல்ல, கிரியற்றினின் ஏறுது எண்டா டிஜே ஸ்டென்ட் ஒண்டை வைச்சு அனுப்புங்கோ.

கீழ் யூரிட்டர்க் கல்லுக்கு உங்களிட்டை இருக்கிறது தாராளம். ஆனா 5 மி.மீ.க்குக் குறைஞ்ச கல்லு பெரும்பாலும் தானா விழும், அதை எடுக்க ஓடவேண்டாம். 5 முதல் 10 மி.மீ. கீழ்க்கல்லுக்கு யூரிட்டரைத் தளர்த்திற டாம்சுலோசின் 0.4 மி.கி. நாலு கிழமை குடுத்துப் பாக்கலாம். காய்ச்சல், ஒற்றைச் சிறுநீரகம், அடங்காத நோவு, இதில ஒண்டு இருந்தாப் பாத்திருக்கிற கதை இல்லை.

இனிச் செய்முறை. பாடப்புத்தகத்தில இருக்கிறதை விட்டிட்டு, பழகிறவை பிழைவிடுற இடங்களை மட்டும் சொல்றன்.

முதல் வேலை கைட்வயர் (வழிகாட்டிக் கம்பி). 0.035 அங்குலம், 150 செ.மீ., சி-ஆர்மில சிறுநீரகத்துக்குள்ள சுருளுறது தெரியவேணும். கல்லு இறுகி வயர் போகாட்டி வழுக்கு வயரை (ஹைட்ரோபிலிக்) 5 பிரெஞ்ச் கதீற்றருக்குள்ளால விட்டுப் பாருங்கோ. கடந்த பிறகு சாதாரண வயருக்கு மாத்துங்கோ, வழுக்கு வயர் பாத்துக்கொண்டிருக்கவே கழண்டு நிலத்தில கிடக்கும். இந்தப் பாதுகாப்பு வயர் கடைசி வரைக்கும் வெளியில வராது. வயர் இல்லாமத் துளை விழுந்தா ஸ்டென்ட் வைக்க வழியில்லை.

ரெண்டாவது, சலப்பையை வெறுமையாக்கிறது. நிறைஞ்ச சலப்பை யூரிட்டரின்ர வாயை மடிச்சுப் பிடிக்கும். 'ஸ்கோப் போகுதில்லை' எண்டு சொல்றதில கனக்க இதாலதான். 8 பிரெஞ்ச் பீடிங் டியூப் ஒண்டைப் பக்கத்தால விட்டா அது தானா வடியும். ரெண்டாவது வயர் ஒண்டை ஸ்கோப்புக்குள்ளால விட்டு, ஸ்கோப்பைத் திருப்பி ரெண்டு வயருக்கும் நடுவால போனா வாய் கூடாரம் மாதிரி உயரும். அப்பிடியும் போகாட்டி விடுங்கோ. தள்ளவேண்டாம். ஸ்டென்ட் ஒண்டை வைச்சு ரெண்டு கிழமையால திரும்ப வந்தா அதே யூரிட்டர் விரிஞ்சு கிடக்கும். ஒப்பரேஷனுக்கு முதல் ஒரு கிழமை டாம்சுலோசின் குடுக்கிறதும் வாயை இளக்கும்.

மூண்டாவது சேலைன். நோர்மல் சேலைன்தான், சூடாக்கினது, நோயாளிக்கு மேல 60 முதல் 80 செ.மீ. உயரத்தில. வெறும் தண்ணி வேண்டாம், உறிஞ்சினா இரத்த அணு உடையும். படம் தெளிவில்லை எண்டு உதவியாளர் சிரிஞ்சால அடிக்கத் தொடங்குவார், அது பை தொங்கிறதைப்போல பல மடங்கு அமுக்கம். சிறுநீரகத்துக்குள்ள அமுக்கம் 40 செ.மீ. தண்ணிக்கு மேல போனாத் தொற்றுள்ள சலம் இரத்தத்துக்குத் திரும்பும். அண்டு பின்னேரம் நடுக்கம், விடிய பிரஷர் இல்லை. அதால கல்ச்சர் பொசிட்டிவ் எண்டா மருந்து முடியாமக் கத்தியோ ஸ்கோப்போ தொடுறதில்லை. 90 நிமிசத்துக்கு மேல இழுக்கிறதும் இல்லை.

நாலாவது பாஸ்கெட். யூரிட்டர் முழுசாக் கழண்டு வாறது அரிது, ஆனா வந்தாச் சிறுநீரகமே போகலாம். வாறதுக்குக் காரணம் பெரும்பாலும் ஒண்டுதான்: பெரிய கல்லை உடைக்காமப் பாஸ்கெட்டில பிடிச்சு இழுத்தது. சிக்கினா இழுக்காதேங்கோ. பாஸ்கெட்டின்ர கைபிடியைக் கழற்றி, ஸ்கோப்பை வெளியால எடுத்து, பாஸ்கெட் வயருக்குப் பக்கத்தால திரும்ப உள்ள போய்க் கல்லை உடையுங்கோ. கைபிடி எப்பிடிக் கழரும் எண்டு தொடங்கமுன்னமே கழற்றிப் பாத்திருக்கவேணும், கம்பனிக்குக் கம்பனி வேற. இன்னொண்டு, ஸ்கோப்பையே யூரிட்டர் இறுக்கிப் பிடிக்கிறது. முன்னுக்கும் வராது பின்னுக்கும் வராது. அப்ப சலப்பையை வடிச்சு, மயக்கத்தை ஆழமாக்கச் சொல்லி, பொறுத்திருங்கோ. தசை தளர்த்தி மருந்து யூரிட்டரின்ர மெல்லிய தசையில வேலை செய்யாது, நோயாளி இருமாமல் இருக்கத்தான் அது. முறுக்கி இழுத்தா யூரிட்டரே கழண்டு வரும்.

பழகிற ஒழுங்கு. சிஸ்டோஸ்கோப்பியும் ஸ்டென்ட் எடுக்கிறதும் முதல். பிறகு ஸ்டென்ட் வைக்கிறது, அதோட சி-ஆர்ம் வாசிக்கிறது. அதுக்குப் பிறகுதான் யூரிட்டர்: ஏற்கெனவே ஸ்டென்ட் போட்டு விரிஞ்ச பொம்பிளை, கீழ்க்கல்லு. பொம்பிளையளுக்குச் சலம் போற வழி கட்டையானது, நேரானது, ஸ்கோப் வளையாது. அதில கை நிண்ட பிறகு ஆம்பிளை, கீழ்க்கல்லு. இடுப்பு இரத்தக்குழாயைக் கடக்கிற வளைவுக்கு மேல போறது கடைசி. பழகிறவர் பத்து நிமிசமா முன்னேறேல்ல எண்டா மேலதிகாரி கையில எடுக்கிறது எண்டு தொடங்க முதலே கதைச்சு வைச்சாக் கோவதாபம் இல்லை.

ஐரோப்பிய யூரோலஜிச் சங்கத்தின்ர கல்லுப் பயிற்சிப் பரீட்சையில நாலு வேலை இருக்கு: பிளெக்சிபிள் சிஸ்டோஸ்கோப்பி, ரிஜிட் சிஸ்டோஸ்கோப்பி, செமி ரிஜிட் யூரிட்டரோஸ்கோப்பி, பிளெக்சிபிள் யூரிட்டரோஸ்கோப்பி. எல்லாம் மொடல்ல, நேரம் குறிச்சு. அதைப் பாத்து நீங்களும் ஒண்டு செய்யலாம். இறைச்சிக்கடையில சொல்லிவைச்சு, யூரிட்டரைக் குட்டையா வெட்டாம, சலப்பையோட பண்டிச் சிறுநீரகம் எடுத்தா நல்ல மொடல். நாப்பது வயர் அதுக்குள்ள விட்ட கை நோயாளியில நடுங்காது. இலங்கையில யூரோலஜிக்கு முறையான வழி கொழும்புப் பட்டமேற்படிப்பு மருத்துவ நிறுவனத்தின்ர எம்.டி. சத்திரசிகிச்சையும் அதுக்குப் பிறகான துறைப் பயிற்சியும்தான். நான் சொல்றது அதுக்குப் பதில் இல்லை, அதுக்குப் போகமுன் கை பழகிறதுக்கு.

---

மல்லாவி_மிஸி (தியேட்டர்)

டொக்டர்மார் சாமானைப் பற்றிக் கதைக்க மாட்டினம், அதை நான் சொல்றன்.

செமி ரிஜிட் ஸ்கோப்பை நுனியில பிடிச்சுத் தூக்கக் கூடாது. கண் வைக்கிற பக்கம் ஒரு கை, தண்டுக்குக் கீழ ஒரு கை. ஒருக்கா வளைஞ்சா படத்தில பிறை மாதிரிக் கறுப்பு விழும், பிறகு கறுப்புப் புள்ளியள் கூடிக்கொண்டே போகும். லித்தோகிளாஸ்ட் கம்பியும் அப்பிடித்தான், வளைஞ்ச கம்பியை ஸ்கோப்புக்குள்ள தள்ளினா உள்வாய்க்கால் கீறும்.

கழுவிறது: முடிஞ்ச உடனயே, காயமுன்னம். என்சைம் திரவம், வாய்க்காலுக்குள்ள பிரஷ், பிறகு தண்ணி. 2% குளூட்டரல்டிஹைட் எண்டாக் குறைஞ்சது 20 நிமிசம், கீற்றுத் தாளால செறிவு பாத்து. அதுக்குப் பிறகு கழுவிறது ஸ்டெரைல் தண்ணியால மூண்டு தரம். எங்கட பக்கக் குழாய்க்கிணத்துத் தண்ணி கேத்திலுக்குள்ள வெள்ளையாப் படியிறதை எல்லாரும் பாத்திருப்பியள், வாய்க்காலுக்குள்ளயும் அதுதான் படியும். ஓபிஏ (இன்னொரு கிருமிகொல்லித் திரவம்) பாவிக்கிற இடமெண்டா, சலப்பைப் புற்றுநோய்க்குத் திரும்பத் திரும்ப ஸ்கோப் பாக்கிற ஆக்களுக்கு அது வேண்டாம், கடும் ஒவ்வாமை வந்த பதிவு இருக்கு.

மேசையில இருக்கவேண்டியது: வயர் ரெண்டு வகையிலயும் ரெண்டு ரெண்டு, 5 பிரெஞ்ச் கதீற்றர், 6 பிரெஞ்ச் ஸ்டென்ட் 24 உம் 26 செ.மீ. உம், பாஸ்கெட், நிறமருந்து அரைக்கரைவாசி சேலைனில கலந்து. ஸ்டென்ட் இல்லாம லிஸ்ட் தொடங்கிறதில்லை. 'இண்டைக்குச் சின்னக் கல்லுத்தானே' எண்டு தொடங்கி, துளை விழுந்த பிறகு ஸ்டோருக்கு ஆள் ஓடக் கூடாது.

அடுத்தது ஸ்டென்ட் கொப்பி. வைச்ச திகதி, எந்தப் பக்கம், எடுக்கிற திகதி, ரெண்டு ரெலிபோன் நம்பர் (ஒண்டு வீட்டுக்காரற்றை). நோவு போனவுடன ஆக்கள் வாறேல்ல. அறுவடை நேரம் கேக்கவே வேண்டாம். மூண்டு மாதம் தாண்டினா ஸ்டென்டிலயே கல்லுக் கட்டத் தொடங்கும், பிறகு அதை எடுக்க இன்னொரு ஒப்பரேஷன். கிழமைக்கு ஒருக்காக் கொப்பியைத் திறந்து, திகதி கடந்தவைக்கு அடிக்கவேணும். கிளினிக் கொப்பியின்ர முன்மட்டையிலயும் சிவப்பால 'உள்ளே குழாய் உண்டு' எண்டு எழுதிவிடுங்கோ, வேற ஆஸ்பத்திரிக்குப் போனாலும் கண்ணில படும்.

---

முறிகண்டிச்சந்தி

மூண்டு பேருக்கும் நன்றி. எல்3 ஆளை அனுப்பிறம். இன்னும் ரெண்டு. ஒண்டு: 55 வயசு அம்மா, நீரிழிவு, கீழ்க்கல்லு 7 மி.மீ., காய்ச்சல் 38.8, நாடி 118. கல்லு கீழ இருக்கிறபடியா ஒரேயடியா எடுத்துவிடலாமா? மற்றது: இருதயத்துக்கு குளோபிடோகிரல் (இரத்தம் கட்டாமத் தடுக்கிற மருந்து) குடிக்கிறவருக்கு ஸ்பைனல் போடலாமா?

---

பாலைமரம்

அம்மாவின்ர கல்லைத் தொடவே வேண்டாம். அடைபட்ட, சீழ்பிடிச்ச சிறுநீரகம் அது. இண்டைக்கே வடிகால்: டிஜே ஸ்டென்ட், இல்லாட்டி ஸ்கான் பாத்து விலாவால ஊசிவழிக் குழாய். ரெண்டும் வேலை செய்யும், எது கெதியில கிடைக்குதோ அது. ஸ்டென்ட் எண்டா, கதீற்றர் கல்லைக் கடந்த உடன உள்ளுக்க இருக்கிற சலத்தை உறிஞ்சி எடுத்துக் கல்ச்சருக்கு அனுப்புங்கோ. நிறமருந்தை நிரப்பிப் படம் பாக்க நிக்காதேங்கோ, அது சீழை இரத்தத்துக்குத் தள்ளும். அனுப்பிறதெண்டா இரத்தக் கல்ச்சர் எடுத்து, முதல் டோஸ் அன்டிபயோட்டிக் ஏத்தின பிறகுதான் ஏ9 றோட்டில அம்புலன்ஸ் ஏறவேணும், அங்க போய்ப் போடுவினம் எண்டு விடுறதில்லை. கல்லு பிறகு, தொற்று முழுக்கத் தீந்து, மருந்தும் முடிஞ்சு.

---

மருதநிழல்

அந்த அம்மாவுக்கு ஸ்பைனல் வேண்டாம். கிருமி இரத்தத்தில் ஓடும்போது முதுகில் குத்துவது ஒரு ஆபத்து, ஏற்கெனவே தளர்ந்த இரத்தக்குழாய்களை இன்னும் தளர்த்துவது அதைவிடப் பெரிய ஆபத்து. விலாவழிக் குழாயை மரப்பு ஊசியோடு மட்டும் வைக்கலாம், கவிழ்ந்து கிடக்க முடிந்தால் அதுவே நல்லது.

குளோபிடோகிரல்: ஸ்பைனலுக்கு 7 நாள் நிறுத்தியிருக்க வேண்டும். ஆனால் இருதயத்தில் ஸ்டென்ட் வைத்து ஒரு வருடம் ஆகவில்லை என்றால் இருதய நிபுணரைக் கேட்காமல் நிறுத்தச் சொல்லாதீர்கள். யூரிட்டரோஸ்கோப்பியின் ஒரு நல்ல குணம், மருந்தை நிறுத்தாமலே செய்யக்கூடிய கல் ஒப்பரேஷன் அது. அதிர்வலையும், முதுகில் துளைபோட்டுக் கல் எடுக்கும் ஒப்பரேஷனும் அப்படி அல்ல. ஆகவே நிறுத்த முடியாதவருக்கு மருந்தைத் தொடர்ந்து, ஜெனரலில், முடிந்தால் லேசர் உள்ள இடத்தில். அஸ்பிரின் மட்டும் என்றால் ஸ்பைனலுக்குத் தடை இல்லை. இரத்தம் உறையாமல் போடும் இனொக்சபாரின் ஊசி 40 மி.கி. தடுப்பு அளவு என்றால் 12 மணித்தியாலம், சிகிச்சை அளவு என்றால் 24 மணித்தியாலம் கழிய வேண்டும்.

---

மல்லாவி_மிஸி

ஒண்டு விட்டுப்போச்சு. சிக்கலில்லாமக் கல்லு எடுத்த ஆளுக்குக் கொஞ்ச நாள் ஸ்டென்ட்தான் வேணுமெண்டா, நூலோட விடச் சொல்லுங்கோ. நூலைத் தொடையில ஒட்டிவிட்டா அஞ்சு முதல் ஏழு நாளில கிட்டின ஆஸ்பத்திரியிலயே இழுத்து எடுக்கலாம், திரும்பத் தியேட்டர் தேவையில்லை. அடிக்கடி சலம் முட்டுறது, சலத்தில இளஞ்சிவப்பு, சலம் போகேக்க விலாவில இழுவை, இதெல்லாம் ஸ்டென்ட் இருக்குமட்டும் வரும் எண்டு முதலே சொல்லிவிடவேணும். காய்ச்சல், கட்டிகட்டியா இரத்தம், சலம் அடைபடுறது, இதுக்கு மட்டும் இரவெண்டாலும் வரச்சொல்லுங்கோ. நூல் தற்செயலா இழுபட்டு ஸ்டென்ட் பாதி வெளியில வந்தா உள்ள தள்ளவேண்டாம், முழுசா எடுத்துப்போட்டு டொக்டருக்குச் சொல்லவேணும்.